முருகலட்சுமி பேரில் ஒரு பாரி

முருகலட்சுமி ஊருக்குக் கிளம்ப இன்னும் பத்து நாள் இருக்கையில், பாண்டீஸ்வரன் மூன்றாவது தடவையாகச் சோற்றைக் களியாக்கினான்.

அவள் குக்கருக்குள் கரண்டியை நட்டுப் பார்த்தாள். கரண்டி சாயாமல் நின்றது.

"எத்தன விசிலு விட்டீக?"

"நீ சொன்ன மாதிரி மூணு எண்ணுனேன்."

"எண்ணிட்டு?"

"எண்ணிட்டுச் சும்மா இருந்தேன்."

"அடுப்ப யாரு அமத்துறது?"

"அத நீ சொல்லலையே லட்சுமி."

பத்தொன்பது வருஷமாகக் குட்டியானை வண்டியில் கரிமூட்டையும் மல்லி மூட்டையும் ஏற்றிக்கொண்டு தூத்துக்குடிக்கும் மதுரைக்கும் போய் வருகிறவன் பாண்டீஸ்வரன். ரோட்டோரம் மூன்று கல்லைக் கூட்டிச் சோறு பொங்கத் தெரிந்தவன். இன்றைக்கு வேண்டுமென்றேதான் குழைய விட்டான். 'இந்த மனுசனை விட்டுவிட்டு எப்படிப் போவது' என்று அவள் கொஞ்சம் தயங்கட்டும் என்று ஒரு நப்பாசை.

அவள் தயங்கவில்லை. "இத நீங்களே தின்னு முடிங்க. நாளைக்கு மொதல்லருந்து ஆரம்பிப்போம்" என்று சொல்லிவிட்டு, பெட்டியில் துணி அடுக்கப் போய்விட்டாள். அன்று முழுக்க அவன் அந்தக் களியைத்தான் தின்றான். மறுநாளும் தின்றான்.

போகாதே என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அதற்கு வழியில்லாமல் செய்துகொண்டதும் அவனேதான்.

பதினோரு வருஷம் அரசாங்கப் பரீட்சை எழுதியவள் முருகலட்சுமி. சிவகாசி, விருதுநகர், அருப்புக்கோட்டை என்று எந்த ஊரில் பரீட்சை போட்டாலும் வண்டியில் கூட்டிப்போய், பள்ளிக்கூட வாசலில் வேப்பமர நிழலில் மூன்று மணி நேரம் காத்திருந்தவன் அவன். இந்த வருஷம் அவள் தேறிவிட்டாள். கோத்தகிரியில் ஓர் அலுவலகத்தில் இளநிலை உதவியாளர் வேலை. ஆர்டர் வந்த அன்று கள்ளியேந்தல் முழுக்க லட்டு கொடுத்தான். அதோடு நிற்காமல், திருச்சுழி போகும் ரோட்டில் பத்தடி உயரத்துக்கு ஒரு பிளக்ஸும் கட்டினான். நடுவில் அவள் படம். ஓரத்தில் கைகூப்பியபடி இவன் படம். கீழே கொட்டை எழுத்தில், 'பெருமையுடன் வழியனுப்பி வைக்கும் அன்புக் கணவர்'.

வழியனுப்பி வைப்பதாக ஊரறிய எழுதி ஒட்டிய மனுசன் எந்த வாயால் போகாதே என்பான்?

கோத்தகிரி என்றால் ராத்திரி பூராவும் பஸ், விடிந்து இன்னும் இரண்டு பஸ். மாதத்துக்கு ஒரு தடவை வருவாள். மகள் சத்யபிரியா மதுரையில் நர்ஸிங் படிக்கிறாள், ஹாஸ்டல். அவளைக் கொண்டுபோய் விடவேண்டிய அன்றே இவன் தன் வண்டி டயரில் தானே காற்றைப் பிடுங்கிவிட்டு, "பஞ்சரு, நாளைக்குப் போவமா?" என்று நின்ற ஆள். மகளுக்கே அப்படி என்றால், பெண்டாட்டிக்கு எப்படி?

டீக்கடை காசிராஜன்தான், தெரியாமல், வழி காட்டினான்.

"ஏலே, கோயிலுக்கு வெள்ளையடிக்க ஆரம்பிச்சுட்டாக பாத்தியா? பங்குனி மூணாஞ் செவ்வாய்க்குப் பொங்கலுக்குச் சாட்டு போட்ருவாக. அதுக்கு முன்னாடி நான் திருப்பூரு போயி மச்சினன் வீட்டுப் பால் காய்ச்சுக்குத் தலையக் காட்டிட்டு வந்துரணும்."

"ஏன், அப்பறம் போனா என்ன?"

"என்னலே, ஊருக்குப் புதுசா நீ? சாட்டு போட்டுட்டா எட்டு நாளைக்கு ஒரு பய வெளியூர்ல ராத் தங்க முடியுமா?"

பாண்டீஸ்வரனின் கையிலிருந்த டீ அப்படியே நின்றது.

மூன்றாம் செவ்வாய் என்றால் அவள் போய்ச் சேர்ந்து நாலைந்து நாள் ஆகிவிடும். அதுவே இரண்டாம் செவ்வாய் என்றால்? அவள் கிளம்புவது வியாழன். செவ்வாய்க்கிழமை சாட்டு விழுந்துவிட்டால் அம்மனே வாசலில் நின்று மறித்த மாதிரி. எட்டு நாள். எட்டே நாள் கூட இருந்தால் போதும் என்றுதான் அவனுக்கு இருந்தது. அதற்குமேல் அவன் யோசிக்கவில்லை. யோசிக்கிற பழக்கம் அவனுக்கு எப்போதுமே அந்த இடத்தில் நின்றுவிடும்.

பூசாரி இருளப்பசாமி கோயில் வாசலில் விபூதி சலித்துக்கொண்டிருந்தார்.

"சின்னையா, இந்த வருசம் சாட்ட ஒரு செவ்வா முன்னாடி தள்ளிப் போட்டா என்ன?"

"ஏம்ப்பா?"

இதற்குப் பதில் தயார் செய்யாமல் வந்துவிட்டான். "வெயிலு... வெயிலு சாஸ்தியாயிட்டே போகுது சின்னையா. சனங்க தாங்காது."

"ஒரு வாரத்துல வெயிலு கொறைஞ்சு போகுமாக்கும்." பூசாரி அவனை ஏற இறங்கப் பார்த்தார். "சரி, கேக்குறதுக்கு என்ன, ஆத்தாகிட்டயே கேட்டுருவோம். வெள்ளிக்கெழம பூக்கட்டிப் பாப்போம். வெள்ளைப் பூ வந்தா உத்தரவு. செகப்பு வந்தா பழைய தேதி. பூவ நீயே கட்டிக் கொண்டாந்துரு."

திருடனையே சாவி எடுத்து வரச் சொன்னது போல இருந்தது அவனுக்கு.

வெள்ளிக்கிழமை காலை ஊருணிக்கரை அரளிச் செடி முன்னால் கொஞ்ச நேரம் நின்றான். 'ஆத்தா, மன்னிச்சிரு. கெட்ட எண்ணம் ஒண்ணுமில்ல' என்று சொல்லிவிட்டு, இரண்டு பூவரச இலையிலும் வெள்ளை அரளியையே வைத்துக் கட்டினான்.

பொட்டலம் எடுக்கச் சின்னப் பிள்ளைகள் யாரும் கிடைக்கவில்லை, எல்லாம் பள்ளிக்கூடம் போயிருந்தன. முளைப்பாரி போடும் பெண்களுக்குத் தலைவியான மாரிக்கனிதான் அங்கே இருந்தாள். ஐம்பத்தைந்து வயசு. கும்மிக்கு ஊரிலேயே அவள் குரல்தான். பாண்டீஸ்வரனுக்கு மதினி முறை, ஆகையால் அவனைக் கேலி செய்யப் பிறப்பிலேயே உரிமை பெற்றவள்.

அவள் கண்ணை மூடிக்கொண்டு ஒரு பொட்டலத்தை எடுத்தாள். பிரித்தால் வெள்ளை. குலவை போட்டாள். போட்ட வாயோடு, "சின்னையா, அந்த இன்னொரு பொட்டலத்தையும் பிரிச்சுப் பாத்துருவமா?" என்றாள்.

பாண்டீஸ்வரன் அவசரமாக விபூதியை அள்ளி நெற்றியில் பூசிக்கொண்டான்.

பூசாரி அவனை ஒரு பார்வை பார்த்தார். "ஆத்தா சொன்ன பெறகு என்னத்தப் பாக்குறது?" என்று அந்தப் பொட்டலத்தை எடுத்து மடியில் கட்டிக்கொண்டார்.

செவ்வாய்க்கிழமை ஊர் மைக்கில் சாட்டு சொல்லிவிட்டார்கள். இன்றிலிருந்து எட்டு நாள் ஊர்க்காரர் யாரும் வெளியூரில் ராத் தங்கக்கூடாது, வீட்டில் கவுச்சி கூடாது, அடுத்த செவ்வாய் பொங்கல், புதன் முளைப்பாரி.

வீட்டுக்குள் நுழையும்போதே முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டான். "கேட்டியா லட்சுமி? இப்படி ஆகிப்போச்சே. இன்னும் ரெண்டு நாள்ல நீ கெளம்பணும். நான் எம்புட்டோ சொல்லிப் பாத்தேன், பூசாரி கேக்கல."

முருகலட்சுமி அவனை நிதானமாகப் பார்த்தாள். "சாமி காரியம். நாம என்ன செய்ய முடியும்?" என்றாள். பெட்டியைக் கட்டிலுக்கடியில் தள்ளினாள்.

இவ்வளவு சுலபமா? அவனுக்கு உள்ளுக்குள் குலவையே கேட்டது.

அரை மணி நேரத்தில் அந்தக் குலவை அடங்கிவிட்டது. அவன் சந்தையில் வாங்கி வைத்திருந்த அரைக்கிலோ நெத்திலிக் கருவாடு பக்கத்து ஊருக்குத் தானமாகப் போனது. தூத்துக்குடிக்குப் பேசி வைத்திருந்த ராத்திரி லோடுக்கு, "ஊர்ல சாட்டுண்ணே" என்று போன் போட்டுச் சொல்ல வேண்டியதாயிற்று. டீக்கடைக்குப் போனால் காசிராஜன் கொதித்துக்கொண்டிருந்தான்.

"திருப்பூருல பொண்டாட்டி வீட்டு ஆளுக அம்புட்டுப் பேரும் வாரானுக, நான் மட்டும் போக முடியாது! எந்தப் பய முன்னாடி தள்ளச் சொன்னான்னு மட்டும் தெரியட்டும்லே, அவன் வாயில கொதிக்கிற டீய ஊத்துறேன்!"

"ஊத்தணும்ப்பா, ஊத்தணும்" என்று ஆமோதித்துவிட்டு, டீ குடிக்காமலே எழுந்து வந்தான்.

புதன்கிழமை காலை மகள் போன் செய்தாள்.

"அப்பா, அம்மா நாளைக்குக் கெளம்புறாகல்ல?"

"இல்லடா, ஊர்ல சாட்டு போட்டாச்சு. அம்மா அடுத்த வாரம் போவா."

"என்னப்பா சொல்றீக? வெள்ளிக்கெழமைக்குள்ள சேரலன்னா ஆர்டர் ரத்துன்னு அதுலயே போட்ருக்கே. நீங்க படிக்கலையா?"

அவன் படிக்கவில்லை. ஆர்டரை லேமினேட் செய்து கொடுத்தவனே அவன்தான். முத்திரை, கையெழுத்து, பெண்டாட்டி பெயர் எல்லாவற்றையும் தடவித் தடவிப் பார்த்திருந்தான். கீழே பொடி எழுத்தில் இருந்ததைப் பார்க்கவில்லை.

அடுப்படிக்கு ஓடினான். முருகலட்சுமி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"லட்சுமி! வெள்ளிக்கெழம போகலன்னா வேலையே போயிருமாமே?"

"ஆமா."

"ஆமாவா? ஏன் சொல்லல?"

"சொல்லி? சாட்டு போட்டாச்சுல்ல. போனாப் போகுது, இன்னொரு தடவ எழுதிக்கிறேன். பதினோரு வருசம் எழுதுனவளுக்குப் பன்னெண்டாவது வருசம் கனக்கவா போகுது?"

வெங்காயம் உரித்தது அவள். கண்ணைத் துடைத்துக்கொண்டது அவன்.

செருப்பைக்கூட மாட்டாமல் கோயிலுக்கு ஓடினான். மாரிக்கனியும் பூசாரியும் முந்தின நாள் விதைத்த முளைப்பாரிக்குத் தூவ எருப் பொடித்துக்கொண்டிருந்தார்கள். மதினி இருக்கிறாளே என்றுகூடப் பார்க்காமல் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான்.

"சின்னையா, ரெண்டு பொட்டலத்துலயும் வெள்ளைப் பூதான் வச்சேன். ஆத்தாகிட்டயே பித்தலாட்டம் பண்ணிட்டேன். என்ன தண்டனைன்னாலும் எனக்குக் குடுங்க. அவ போகணும். நாளைக்கே போகணும். அவ வேல போச்சுன்னா நான் மனுசனே இல்ல."

மாரிக்கனி முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள். அதிர்ச்சியாக இருக்கும் என்று பாண்டீஸ்வரன் எடுத்துக்கொண்டான்.

பூசாரி தாடியைத் தடவினார். "பெரிய குத்தமாச்சேப்பா. சாட்டு போட்ட பெறகு ஒருத்தி ஊர விட்டுப் போறதுன்னா, அவ பேர்ல ஒரு பாரி வளக்கணும். காப்புக் கட்டி, எல்லாப் பாரியும் வச்சிருக்குற பாரி வீட்டுல இருந்து, காலையும் சாயங்காலமும் தண்ணி தெளிச்சு, கும்மி கொட்டி, கடைசி நாளு தலையில தூக்கிட்டுப் போயி ஊருணில கரைக்கணும். ஒங்க வீட்டுல வேற பொம்பள யாரு இருக்கா?"

"மக மதுரையில இருக்கா."

"அப்ப நீதான்."

"சின்னையா... அது பொம்பளைக செய்யிறதுல்ல?"

"பூ வைக்கிறப்ப அந்த யோசன இருந்துருக்கணும்."

"செய்றேன்" என்று கையை நீட்டினான். மஞ்சள் கயிறு ஏறியது.

வியாழக்கிழமை சாயங்காலம் அருப்புக்கோட்டை பஸ் ஸ்டாண்ட். வெயில் இறங்கியும் தரை சுட்டது. அந்தச் சூட்டில் ஊர் முழுக்க அவன் அலைந்து வாங்கிய ஒரே ஒரு ஸ்வெட்டரை, பஸ் சன்னலோரம் உட்கார்ந்து, அவள் மடியில் வைத்துக்கொண்டிருந்தாள்.

வருகிற வழியெல்லாம் அவன் ஒரு பேச்சு தயார் செய்திருந்தான். 'எங்க அம்மா ரெண்டு வருசம் படுக்கையில கெடந்தப்ப ஒரு நாள்கூட நீ முகஞ் சுளிக்கல. வண்டி கவுந்து எனக்குக் கால் ஒடிஞ்சப்ப, ஒரு கையில புத்தகம், ஒரு கையில எனக்குக் கஞ்சின்னு ஆறு மாசம் ஓட்டுன. நீ தேறுனது எனக்குப் பெருமைன்னு எல்லார்கிட்டயும் சொன்னேன், ஒங்கிட்ட சொன்னேனான்னு தெரியல. நீ எனக்குக் கெடைச்சதுக்கு...' என்று மூட்டையும் கையுமாக ஒருவர் அவனை இடித்துக்கொண்டு பஸ்ஸில் ஏறும்வரை எல்லாம் ஒழுங்காகத்தான் மனசில் இருந்தது.

"சன்னலச் சாத்திக்க. குளுரும்" என்றான்.

"சரிங்க."

"லட்சுமி... சாட்ட முன்னாடி தள்ளச் சொன்னது நான்தான். பூவுல ஏமாத்துனேன். இன்னும் எட்டு நாளு நீ இருந்தா நல்லாருக்கும்னு நெனச்சுட்டேன். ஒன் வேலைக்கே ஒல வைக்கப் பாத்தேன்."

அவள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். தோள் குலுங்கியது. கிளம்புகிற நேரத்தில் அழ வைத்துவிட்டோமே என்று அவன் தன்னையே திட்டிக்கொண்டான்.

முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள். "கைய நீட்டுங்க" என்றாள். மணிக்கட்டில் தளர்ந்திருந்த காப்புக் கயிற்றை இழுத்து இன்னொரு முடிச்சுப் போட்டாள். "பாரிக்குத் தண்ணி தெளிக்க மறந்துராதீக. மதினி என்ன சொன்னாலும் கேளுங்க."

பஸ் நகர்ந்தது. அவன் கையை ஆட்டினான். பிளக்ஸில் இருந்த படத்தைவிடக் கொஞ்சம் மோசமாக இருந்தது அவன் முகம்.

பாரி வீட்டில் இருபத்திரண்டு பெண்கள். நடுவில் பாண்டீஸ்வரன். மற்ற பாரியெல்லாம் செவ்வாய்க்கிழமை விதைத்தவை. இவனுடையது இரண்டு நாள் இளையது.

"ஏ கொழுந்தனாரே, தண்ணி தெளிக்கச் சொன்னா லாரி கழுவுறீகளே! பயிரு நீச்சல் அடிக்கிது பாருங்க."

"சரி மதினி."

"கும்மி கொட்டுறீகளா, கொசு அடிக்கிறீகளா?"

"ரெண்டும்தான் மதினி. கொசுவும் இருக்கு."

முதல் நாள் காதுவரை சிவந்தான். இரண்டாம் நாள் பதில் பேச ஆரம்பித்தான். மூன்றாம் நாள் அவன் இல்லாமல் கும்மி தொடங்க மாட்டோம் என்றார்கள், சிரிப்பதற்கு வேறு ஆள் இல்லை என்பதால்.

சாப்பாட்டுக்கும் ஒரு சட்டம் இருந்தது. "பாரி வளக்குறவுக தனியா வீட்டுல ஒல வைக்கக் கூடாது. மொற வச்சு ஒவ்வொரு வீட்டுலயாத்தான் சாப்புடணும்" என்றாள் மாரிக்கனி.

"நீங்கள்லாம் அவுகவுக வீட்டுல பொங்கித்தான சாப்புடுறீக?"

"இது ஆம்பளைகளுக்கு மட்டும் உள்ள சட்டம்" என்றாள் அவள், கண் சிமிட்டாமல்.

ஒரு வீட்டில் கத்திரிக்காய், ஒரு வீட்டில் பருப்புத் துவையல், ஒரு வீட்டில் கம்பங்கூழும் மோர் மிளகாயும். போகிற வீட்டிலெல்லாம் முருகலட்சுமியைப் பற்றிக் கேட்டார்கள். எங்கள் வீட்டுப் பிள்ளைக்கு அவள்தான் விண்ணப்பம் எழுதிக் கொடுத்தாள், எங்கள் பென்ஷன் காகிதத்தை அவள்தான் சரிபண்ணினாள் என்று ஒவ்வொருவரும் ஒன்று சொன்னார்கள். பத்தொன்பது வருஷம் கூட இருந்தவனுக்கு இதில் பாதி புதுச் செய்தி. கேட்கக் கேட்கச் சோறு நன்றாக இறங்கியது. டீக்கடை காசிராஜன் வீட்டு முறைகூட வந்தது. உண்மை தெரிந்திருந்தும் அவன் டீயை வாயில் ஊற்றவில்லை, டம்ளரில்தான் ஊற்றினான். கொஞ்சம் சூடு அதிகம், அவ்வளவுதான்.

தினம் சாயங்காலம் முருகலட்சுமி போன் செய்தாள்.

"பாரி எம்புட்டு ஒசரம்?"

"ஒரு விரக்கட. அங்க குளுருதா?"

"ரெண்டு போர்வ. சாப்டீகளா?"

"சாப்ட்டேன். இன்னைக்கு மதினி வீடு."

"சரி, சரி" என்று வைத்துவிடுவாள்.

புதன்கிழமை ஊர்வலம். மற்றவர்கள் தலையில் பாரி சாண் உயரத்துக்கு மஞ்சளும் பச்சையுமாக அசைந்தது. பாண்டீஸ்வரன் தலையில் இருந்தது, மொட்டை போட்டு ஒரு மாதம் ஆன பிள்ளையின் தலை போல இருந்தது. அதையும் அவன் நெஞ்சை நிமிர்த்தித்தான் சுமந்தான். தெருவே சிரித்தது. அவனும் சிரித்தான்.

ஊருணியில் பாரியைக் கரைத்துவிட்டுக் கரையேறும்போதுதான் அவனுக்கு அது உறைத்தது. இந்த ஒரு வாரத்தில் வீட்டுக்குக் குளிக்கவும் தூங்கவும்தான் போயிருக்கிறான். பூட்டின வீடு எப்படி இருக்கும் என்று நினைத்துப் பயந்த பயம் எங்கே போயிற்று என்றே தெரியவில்லை.

ஈரச் சேலையைப் பிழிந்துகொண்டிருந்த மாரிக்கனி முன்னால் போய் நின்று கை கூப்பினான்.

"மதினி, நான் செஞ்ச தப்புக்கு வேற ஊரா இருந்தா கட்டி வச்சு ஒதைச்சிருப்பாக. நீங்க தண்டனைன்னு சொல்லி ஒரு வாரம் சோறு போட்டு, சிரிக்க வச்சு, என்னைய ஆளாக்கி விட்டுட்டீக. ஒங்களுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னு தெரியல."

மாரிக்கனி சேலையை உதறினாள்.

"எனக்கு எதுக்கு நன்றி கொழுந்தனாரே? ஆர்டர் வந்த அன்னைக்கே ஒங்க பொண்டாட்டி எங்கிட்டயும் பூசாரிகிட்டயும் வந்து, 'நான் போறதுக்கு முன்னாடி அவுக சாட்ட முன்னுக்குத் தள்ளக் கேட்டு வருவாக, பூவ அவுகளையே கட்டிக் கொண்டாரச் சொல்லுங்க, ரெண்டு பொட்டலத்துலயும் வெள்ளைப் பூதான் இருக்கும், பிரிச்சுப் பாத்துராதீக, காப்பக் கட்டி ஒங்களோட ஒக்கார வச்சிருங்க, நான் போன மொத வாரம் அவுக ஒரு வேளகூடத் தனியா சாப்புடக் கூடாது'ன்னு சொல்லிட்டுத்தான போனா!"